முகமா, துப்பாக்கியா

"ஒண்ணு முகம், இல்லன்னா துப்பாக்கி. ரெண்டையும் சேத்து மறைக்க முடியாது மேடம். சட்டம் அப்படி."

சப்-இன்ஸ்பெக்டர் தேவசகாயத்தின் குரலில் கடுமை ஏதும் இல்லை. ரேஷன் கடையில் சர்க்கரை தீர்ந்துவிட்டது என்று சொல்கிற தொனிதான். ஆயுத உரிமப் பிரிவில் அவருடைய மேசைக்கு எதிரே பூங்கோதை உட்கார்ந்திருந்தாள். மடியில் இருந்த கைப்பைக்குள் அவளுடைய கைத்துப்பாக்கி இருந்தது. கழுத்தில் துப்பட்டா சுருண்டு கிடந்தது. உள்ளே நுழையும்போதுதான் அதை முகத்திலிருந்து இறக்கியிருந்தாள்.

அவள் கனிமவளத் துறையில் நில அளவையர். போன வருடம் கோயம்புத்தூருக்கு வெளியே கரடுப்பாளையம் கல்குவாரியை அளக்கப் போனபோது, அவளுடைய அதிகாரி இம்மானுவேல் மீது ஒரு டிப்பர் லாரி பின்னோக்கி ஏறியதைப் பார்த்தாள். குவாரி முதலாளி சென்னியப்பன் லாரிக்குப் பக்கத்தில் நின்று, பார்க்கிங்கில் கார் விடச் சொல்வதுபோல், "வா, வா, இன்னும் வா" என்று கையசைத்ததையும் பார்த்தாள். அதை அவள் நீதிமன்றத்தில் சொல்ல வேண்டும். சாட்சிக்குக் காவல் கேட்டு மனுப் போட்டபோது ஆள் பற்றாக்குறை என்றார்கள். காவலுக்குப் பதிலாகத் துப்பாக்கி உரிமம் கிடைத்தது.

அது வரைக்கும் அவளைக் காப்பாற்றியது துப்பாக்கி அல்ல, துப்பட்டா. ஸ்கூட்டரில் போகும் கோவைப் பெண்கள் எல்லோரும் செய்வதுபோல் கண்ணை மட்டும் விட்டு முகத்தைச் சுற்றிக்கொண்டால், ஆயிரம் பேரில் ஒருத்தி. அதுவும் குவாரித் தூசி ஊருக்குள் இறங்க ஆரம்பித்த பிறகு பாதி நகரம் மூக்கை மூடிக்கொண்டுதான் நடந்தது. இப்போது, பொது இடத்தில் முகத்தை மூடக் கூடாது என்கிற வெளிமுகச் சட்டம் வந்துவிட்டது. ஒரு கல்யாண மண்டபத்தில் முகமூடி போட்டவர்கள் சுட்டதில் பன்னிரண்டு பேர் செத்த பிறகு, அவசர அவசரமாகக் கொண்டுவந்த சட்டம்.

"எனக்குப் புரியல சார். தூசி நோய் இருக்கிறவங்களுக்கு முகத்த மூடிக்க பாஸ் குடுக்கறீங்க இல்ல? எனக்கும் ஒரு பாஸ் குடுங்க."

"குடுக்கலாம். துப்பாக்கிய இங்க வச்சிட்டுப் போனா இப்பவே குடுக்கலாம்." தேவசகாயம் நாற்காலியை முன்னுக்கு இழுத்துக்கொண்டார். "பாருங்க, உங்க துப்பாக்கிப் பிடிக்குள்ள ஒரு சில்லு இருக்கு. நான் இங்க இருக்கேன், நான் இன்னாரோடதுன்னு அது சத்தமில்லாம சொல்லிக்கிட்டே இருக்கும். ரோட்டுல நிக்கிற காதுக்கம்பம் அதைக் கேக்கும். கேட்டதும் கேமரா உங்க முகத்தத் தேடும். முகம் தெரிஞ்சா பேசாம இருக்கும். துப்பாக்கி இருக்கு, முகம் இல்லன்னா அவ்வளவுதான். சைரன், ட்ரோன், எல்லாம் வந்துரும்."

"வந்து?"

"ஈரோட்டுல ஒரு நகைக்கடை வாட்ச்மேன். லைசென்ஸ் துப்பாக்கி. புழுதிக் காத்து அடிச்சிருக்கு, மனுசன் தலைல கட்டியிருந்த துண்ட இழுத்து மூக்குல கட்டிட்டாரு. கம்பம் எச்சரிக்கை சொல்லியிருக்கு. அவருக்குக் காது கொஞ்சம் மந்தம். ட்ரோன் சுட்டுருச்சு."

பூங்கோதை கைப்பையை மடியோடு இறுக்கிக்கொண்டாள்.

"சரி, கள்ளத் துப்பாக்கி வச்சிருக்கிறவன்?"

தேவசகாயம் மீசையைத் தடவிக்கொண்டார். "அதுல சில்லு இல்லியே மேடம். கம்பத்துக்கு எப்படிக் கேக்கும்? முகத்தத் தெறந்து வச்சுக்கிட்டு நடந்தா அவன் சாதாரண ஆளு. பாஸ் வாங்கி மூடிக்கிட்டு நடந்தா சாதாரண நோயாளி. எங்களுக்குத் தெரிஞ்ச துப்பாக்கியத்தான் எங்களால பாக்க முடியும்."

வீட்டுக்குப் போய் யோசித்துச் சொல்வதாக எழுந்து வந்தாள். யோசிக்க வேண்டியிருக்கவில்லை. வாசல் பூட்டு பூட்டியபடியே இருந்தது. கதவைத் திறந்து உள்ளே போனால் சமையல் மேடைமேல், அவள் காலையில் கழுவிக் கவிழ்த்து வைத்திருந்த டம்ளருக்குப் பக்கத்தில், ஒரு கைப்பிடி ஜல்லிக்கல் குவித்து வைக்கப்பட்டிருந்தது. கருங்கல் ஜல்லி. இன்னும் தூசிகூடத் தட்டாதது.

அவள் கத்தவில்லை. ஒரு அறைகூட விடாமல் துப்பாக்கியோடு சுற்றிப் பார்த்தாள். கட்டிலுக்கு அடியிலும் குனிந்து பார்த்தாள். யாரும் இல்லை. கணவரும் மகளும் தஞ்சாவூரில் மாமியார் வீட்டில் இருந்தது அன்றைக்கு முதல் தடவையாக ஆறுதலாக இருந்தது. தேவசகாயத்துக்குப் போன் செய்து சொன்னாள்: "துப்பாக்கியே இருக்கட்டும் சார்."

அடுத்த நாளிலிருந்து அவள் துப்பட்டாவை வீட்டிலேயே வைத்துவிட்டு முகத்தைத் திறந்துகொண்டு நடந்தாள்.

அது எப்படி இருக்கும் என்று அவள் எதிர்பார்த்திருக்கவில்லை. தெருவில் பார்க்கிற முகமெல்லாம் மூடியிருந்தது. பச்சைக் கோடு போட்ட முகமூடிகள், அதாவது அரசு பாஸ் உள்ளவை. அவற்றுக்கு மேலே கண்கள். எதிரே வருகிற ஒவ்வொரு ஜோடிக் கண்ணும் தன்னைத் தெரிந்துகொண்ட மாதிரி இருந்தது. அவளுக்கோ யாரையும் தெரியவில்லை. பூக்கடையில் நின்றால் பின்னால் ஒரு இருமல். திரும்பினால் முகமூடி. பேருந்தில் ஏறினால் பக்கத்து இருக்கையில் முகமூடி. கைப்பையின் ஜிப்பை அவள் எப்போதும் பாதி திறந்தே வைத்திருந்தாள். தூசி தொண்டையில் இறங்கி இரவெல்லாம் இருமினாள்.

அந்த ஆளை அவள் கவனித்தது பேருந்தில்தான். சாம்பல் நிற முகமூடி, பச்சைக் கோடு, கட்டம் போட்ட முழுக்கைச் சட்டை, தோளில் ஒரு ரெக்ஸின் பை. வயசானவராகத்தான் தெரிந்தார். அவள் இறங்கிய நிறுத்தத்தில் இறங்கினார். மறுநாள் அலுவலக வாசலில் இருந்த டீக்கடையில் நின்றார். டீ குடிக்காமல் நின்றார். அதற்கு மறுநாள் உழவர் சந்தையில் கத்தரிக்காய் பொறுக்கிக்கொண்டிருந்தபோது தலை நிமிர்ந்தாள். இரண்டு கடை தள்ளி, கட்டம் போட்ட சட்டை.

கத்தரிக்காயைப் போட்டுவிட்டு வெளியே ஓடிவந்து காவல் உதவி எண்ணுக்கு அழைத்தாள். ஒரு ஏட்டு பைக்கில் வந்தார். அந்த ஆளின் பாஸை வாங்கித் தன் போனில் காட்டிப் பார்த்தார். பிறகு அவளிடம் வந்தார்.

"பாஸ் சரியா இருக்குங்க. நுரையீரல் நோயாளி. சந்தைக்கு வந்திருக்காரு. அதுல தப்பு என்னங்க?"

"தினமும் என் பின்னாடி வர்றாருங்க."

"கம்பத்துல பாத்தா உங்க பேருலதான் ஆயுதம் காட்டுது." ஏட்டு அவளுடைய கைப்பையைப் பார்த்தார். "கொஞ்சம் தள்ளி நில்லுங்க மேடம். சனங்க நடமாடற இடம்."

சுற்றி நின்றவர்கள் அவளிடமிருந்து ஒரு அடி விலகினார்கள். ஒரு அம்மா குழந்தையைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். முகமூடி ஆள் பையை மாட்டிக்கொண்டு மெதுவாக நடந்து போனார். போகும்போது ஒரு தடவை திரும்பிப் பார்த்தார்.

சாட்சி சொல்ல வேண்டிய நாளுக்கு முந்தின நாள், தன் வக்கீல் ஷகீலா பானுவின் அலுவலகத்துக்குப் போகப் பேருந்து நிலையத்தில் இறங்கினாள் பூங்கோதை. நல்ல வெயில். நிலையத்துக்குப் பின்புறம் பஞ்சுக் கிடங்குகளுக்கு நடுவே ஒரு சந்துதான் குறுக்குவழி. கம்பம் இல்லாத சந்து. அதற்குள் பாதி தூரம் போன பிறகுதான் பின்னால் செருப்புச் சத்தம் கேட்டது. அவள் வேகமாக நடந்தாள். சத்தமும் வேகமாக வந்தது. நின்றாள். நின்றது.

திரும்பும்போதே துப்பாக்கி கையில் இருந்தது.

கட்டம் போட்ட சட்டை. அவருடைய கை ரெக்ஸின் பைக்குள் இருந்தது.

"கையை வெளிய எடுக்காத!" அவள் குரல் அவளுக்கே அந்நியமாக இருந்தது. "எடுத்தா சுட்டுருவேன்!"

"அம்மணி, அம்மணி, சுட்டுறாதீங்க..."

அவர் பயத்தில் கையை வெளியே இழுத்தார். கையில் ஏதோ பளபளத்தது. விசையில் இருந்த அவளுடைய விரல் இறுகியது. இன்னும் ஒரு மயிரிழை இறுகியிருந்தால் போதும். அவர் கையிலிருந்தது கீழே விழுந்து உருண்டு அவள் காலடிக்கு வந்தது. மூச்சுத்திணறலுக்கு உறிஞ்சும் மருந்துக் குப்பி.

அவர் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு சுவரோடு சரிந்து உட்கார்ந்தார். ஒரு கையால் முகமூடியை இழுத்து இறக்கினார். குழிந்த கன்னம், வெள்ளைத் தாடி. எங்கேயோ பார்த்த முகம். குவாரி வாசலில், லாரிகளை எடை போடும் எடைமேடை அறையின் சன்னல் கம்பிக்குப் பின்னால்.

"நானுங்க, எடைமேடை மாசிலாமணி. அன்னைக்கு நீங்க பாத்ததை நானும் பாத்தனுங்க. ரெண்டாவது சாட்சி நான்தானுங்க."

பூங்கோதையின் கை தானாக இறங்கியது. துப்பாக்கியைக் கைப்பைக்குள் வைத்தாள்.

"எதுக்குய்யா என் பின்னாடி வந்தீங்க?"

மாசிலாமணிக்கு மூச்சு வாங்கியது. "எனக்கும் உங்கள மாதிரியே லைசென்ஸ் குடுத்தாங்க. சட்டம் வந்ததும் கேட்டாங்க, முகமா துப்பாக்கியான்னு. நெஞ்சு இப்படிக் கெடக்குதுங்க, முகமூடி இல்லாம நான் ரெண்டு தெரு நடக்க மாட்டன். துப்பாக்கியக் குடுத்துட்டு மூடிக்கிட்டன். மூடிக்கிட்டா ஒளிஞ்சிக்கலாம்னு பாத்தா, பயம் எங்கீங்க போகுது? கையில ஒண்ணுமில்லாம..." குனிந்து தரையைப் பார்த்தார். "உங்க கிட்ட இருக்குதுன்னு தெரியும். உங்க பக்கத்துலயே நடந்தா, எவனாவது வந்தா நீங்க பாத்துக்குவீங்கன்னு ஒரு தைரியம். வேற ஒண்ணுமில்லீங்க."

"உங்களுக்குத் தைரியமா? நான் உங்களப் பாத்துப் பயந்து செத்துட்டு இருந்தேன்! இப்பக்கூட..." அவள் கைப்பையைக் காட்டினாள். "வந்து பேசியிருக்கக் கூடாதா?"

"சாட்சிங்க ஒருத்தரோட ஒருத்தர் பேசக் கூடாதுன்னு கோர்ட்டுல சொல்லியிருக்காங்களே."

பூங்கோதைக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. மருந்துக் குப்பியை எடுத்துத் துடைத்து அவரிடம் கொடுத்தாள். அப்போதுதான் அவளுக்கு அது உறைத்தது.

"நான் எங்க இருக்கேன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்? தினமும் சரியா வந்து நிக்கறீங்க?"

"அது லேசுங்க." மாசிலாமணி போனை எடுத்தார். "முகந்தேடின்னு ஒண்ணு இருக்குதுங்க. கேமராப் படத்தையெல்லாம் ஒரு கம்பெனிக்காரன் வாங்கி நடத்தறான். ஒரு போட்டோ போட்டா இந்த முகம் கடைசியா எங்க தெரிஞ்சுதுன்னு காட்டிரும். மூடின முகத்தைக் காட்டாது. உங்களது தெறந்த முகமாச்சே." அவர் திரையை அவள் பக்கம் திருப்பினார். அவளுடைய முகம், அதன் கீழே பேருந்து நிலையத்தின் பெயர். அதற்கும் கீழே ஒரு வரி இருந்தது: இந்த முகத்தை இப்போது மேலும் இருவர் தேடுகிறார்கள்.

இரண்டு பேரும் அந்த வரியையே பார்த்தார்கள்.

"இது நேத்து இல்லீங்களே" என்றார் மாசிலாமணி.

சந்தில் நிற்கக் கூடாது என்பது மட்டும் அவளுக்குத் தெரிந்தது. கூட்டத்துக்குள் போய்விட வேண்டும். இருவரும் பேருந்து நிலையத்துக்குள் ஓடினார்கள். மாசிலாமணியால் ஓட முடியவில்லை, அவள் கையைப் பிடித்து இழுத்தாள். உதவி எண்ணுக்கு அழைத்தாள். வரிசையில் இருக்கிறீர்கள், காத்திருக்கவும் என்று ஒரு பெண்குரல் இனிமையாகச் சொன்னது. மீண்டும் அழைத்தாள். அதே குரல்.

பொள்ளாச்சி பேருந்து நிற்கிற இடத்தில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் சுற்றுலா போவதற்காக வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். அவர்களைத் தாண்டி இரண்டு பேர் வந்தார்கள். முகம் திறந்திருந்தது. இளைஞர்கள், சலவைச் சட்டை, நெற்றியில் திருநீறு. ஒருவன் போனைப் பார்த்தான், நிமிர்ந்து பூங்கோதையைப் பார்த்தான். காதுக்கம்பத்தைக் கடக்கும்போது கேமராவுக்கு முகத்தைக் காட்டிச் சிரித்துக்கொண்டே வந்தான். கம்பம் பேசாமல் இருந்தது. இன்னொருவனின் வலது கை ஒரு ஜவுளிக்கடைப் பைக்குள் இருந்தது.

"அவங்கதானுங்க" என்றார் மாசிலாமணி. அவருடைய விரல்கள் அவள் மணிக்கட்டில் பதிந்தன. "சென்னியப்பன் வண்டில பாத்திருக்கன். சுடுங்க அம்மணி."

இடையில் பிள்ளைகள் இருந்தார்கள். ஒரு சிறுமி தண்ணீர்ப் பாட்டிலைத் திறக்க முடியாமல் பல்லால் கடித்துக்கொண்டிருந்தாள். பூங்கோதை கைப்பையைப் பார்த்தாள், கம்பத்தைப் பார்த்தாள். இந்த ஊரில் போலீஸ் எதற்கு உடனே வரும் என்பது அப்போது அவளுக்குத் தெளிவாகத் தெரிந்தது.

"உங்க முகமூடியக் கழட்டிக் குடுங்க."

"எதுக்குங்க?"

"குடுங்கய்யா!"

அவருக்குப் புரிந்துவிட்டது. "வேண்டாமுங்க. சுட்டுருவாங்க."

"தெரியும்."

ஒரு நொடி தயங்கினார். பிறகு தானே கழற்றி அவள் கையில் வைத்தார்.

அவள் கைப்பையைத் தரையில் வைத்தாள். ஈரமாகவும் மருந்து வாசனையாகவும் இருந்த அந்த முகமூடியை மூக்குக்கு மேல் ஏற்றிக் காதுகளில் மாட்டினாள்.

சைரன் காதைக் கிழித்தது. நிலையத்தின் இரும்புக் கதவுகள் எல்லாப் பக்கமும் சரசரவென்று இறங்கின. "முகமற்ற ஆயுதம். எல்லோரும் தரையில் படுங்கள். அசையாதீர்கள்" என்று எல்லாக் கம்பங்களும் சேர்ந்து சொன்னன. ஜனம் அலறிக்கொண்டு தரையோடு விழுந்தது. பிள்ளைகள் ஒருத்தர்மேல் ஒருத்தர் படுத்தார்கள். பூங்கோதை கைகளை விரித்துக் குப்புற விழுந்தாள். தலைக்கு மேலே ட்ரோனின் ரீங்காரம் இறங்கி வந்து நின்றது. அவளுடைய இடது கை மணிக்கட்டில் ஒரு சிவப்புப் புள்ளி தோன்றி, கையில் ஊர்ந்து, தோளைத் தாண்டிக் கண்ணுக்குத் தெரியாமல் போனது. கழுத்தில் நிற்கிறதா, தலையிலா என்று தெரியவில்லை. மூச்சு விட்டால் முதுகு அசையுமே என்று மூச்சை அடக்கினாள். மகளின் பெயரை மனதுக்குள் சொன்னாள். தொண்டையில் இருமல் ஏறியது. நாக்கைக் கடித்துக்கொண்டாள். வாயில் ரத்தம் கரித்தது.

பக்கத்தில் படுத்திருந்த மாசிலாமணி தன் உதட்டைக் கடித்தபடி, கண்ணில் நீர் வழிய, இருமலோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார்.

பூட்ஸ் சத்தம் வந்தது. அவளுடைய முதுகில் ஒரு முழங்கால் இறங்கியது. கையைப் பின்னால் முறுக்கினார்கள். அதற்குப் பிறகுதான் அவள் இருமினாள்.

உள்ளே அடைபட்ட அத்தனை பேரையும் ஒவ்வொருவராகத் தடவிச் சோதித்தார்கள். ஜவுளிக்கடைப் பை ஒரு பேருந்தின் சக்கரத்துக்கு அடியில் கிடைத்தது. உள்ளே நாட்டுத் துப்பாக்கி. மற்றவன் இடுப்பில் இன்னொன்று.

பூங்கோதைமேல் வெளிமுகச் சட்டத்தின் கடுமையான பிரிவில் வழக்குப் பதிந்தார்கள். முகமூடி எப்படிக் கிடைத்தது என்று கேட்டபோது, பக்கத்தில் நின்ற பெரியவரிடமிருந்து பிடுங்கினேன் என்றாள். அந்த இரண்டு பேர்மீதும் உரிமம் இல்லாத ஆயுதம் வைத்திருந்ததாகப் பழைய சட்டத்தில் சின்ன வழக்கு. அடுத்த வாரமே ஜாமீனில் போய்விட்டார்கள்.

கைதான மறுநாள் அவள் சிறை வண்டியில், முன்னும் பின்னும் துப்பாக்கி ஏந்திய போலீஸோடு நீதிமன்றம் போனாள். ஒரு வருடமாகக் கெஞ்சிக் கேட்ட காவல் அது. சென்னியப்பனின் முகத்தைப் பார்த்துக்கொண்டே சாட்சி சொன்னாள். குறுக்கு விசாரணைக்கும், மாசிலாமணியின் சாட்சிக்கும் அடுத்த மாதம் தேதி போட்டார்கள்.

ஷகீலா பானு சிறைக்கு ஓடிவந்தாள். "அக்கா, ஜாமீன் கிடைச்சிருச்சு! ஜட்ஜே உங்களப் பாத்து இரக்கப்பட்டுட்டார்."

"வேண்டாம்."

"என்னக்கா சொல்றீங்க?"

"வெளிய வந்தா துப்பாக்கியும் இல்ல, எவன் எங்க நிக்கிறான்னும் தெரியாது. இங்க சுவர் இருக்கு. தேதி முடியட்டும்." தஞ்சாவூரிலிருந்து மகள் போனில் அழுததைப் பற்றி அவள் ஒன்றும் சொல்லவில்லை.

இரண்டு நாள் கழித்து மாசிலாமணி பார்க்க வந்தார். பார்வையாளர் கூடத்தின் வலைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்தார். நன்றாக இளைத்திருந்தார். முகம் திறந்திருந்தது. அன்றைக்குக் கைமாறிய முகமூடியோடு அவருடைய பாஸையும் ரத்து செய்துவிட்டார்களாம். இப்போது அவரும் திறந்த முகம். கையில் ஒன்றும் இல்லை.

"நேத்து சமையக்கட்டுல ஜல்லி கெடந்துச்சுங்க" என்றார்.

அவர் வலையை நெருங்கினார்.

"அம்மணி, ஒண்ணு கேக்கறன், தப்பா நெனச்சுக்காதீங்க. என்னையும் உள்ள போட ஏதாவது வழி இருக்குதுங்களா?"

அவர் போன பிறகு அவள் ஷகீலாவை வரச் சொன்னாள்.

"நான் குடுத்த வாக்குமூலத்தை மாத்தணும். முகமூடிய நான் பிடுங்கல. என்கிட்ட துப்பாக்கி இருக்குன்னு தெரிஞ்சேதான் மாசிலாமணி அதைக் கழட்டிக் குடுத்தார். அதுவும் உண்மைதான். எழுதிக்கோ."

ஷகீலா பேனாவை மூடிவிட்டாள். "அக்கா, அது உடந்தை. லேசுல ஜாமீன் கிடைக்காத பிரிவு. நோயாளி மனுசன், அவரப் பிடிச்சு உள்ள வச்சிருவாங்க. உங்களுக்கு நல்லது செஞ்சவரு."

"ஆமா."

"உள்ள அவர் நெஞ்சு தாங்குமா?"

"தெரியல." அவள் வலைக்கம்பியைப் பிடித்துக்கொண்டாள். "வெளிய தாங்காது, அது தெரியும். சாயங்காலத்துக்குள்ள எழுதிக் குடுத்துரு ஷகீலா. இன்னைக்கே பிடிச்சிருவாங்கல்ல?"

மறுநாள் காலையில் ஷகீலா வந்தாள். கண்கள் சிவந்திருந்தன. நேற்று மாலையே போலீஸ் மாசிலாமணியின் வீட்டுக்குப் போனதாம். கதவைத் திறந்துவிட்டு, ஏற்கெனவே கட்டி வைத்திருந்த துணிப்பையோடு நின்றாராம். கைவிலங்கு மாட்டிய ஏட்டுக்கு அவர் கும்பிடு போட்டாராம்.